ஜெர்மன் இன்ஸ்பெக்டரின் கோயமுத்தூர்க் குரல்

போன மாதம் ஜெர்மனியில் ஒரு நடிகர் காலமானார். ஒண்டிப்புதூரில் இருக்கும் என்னிடம் துக்கம் விசாரிக்க ஆரம்பித்துவிட்டார்கள். பால் ஊற்றுகிறவர் கேனைக் கீழே வைத்துவிட்டு, உங்கள் இன்ஸ்பெக்டர் போய்விட்டாராமே என்று நின்றார். எதிர் வீட்டுக்காரர், செய்தியைப் பார்த்ததும் என் ஞாபகம்தான் முதலில் வந்தது என்றார். பொள்ளாச்சியிலிருந்து பழைய கூட்டாளி ஒருவன் போன் செய்தான். நான் ஹலோ என்றதுமே, "அட, நீ உசுரோடதான் இருக்கறயா?" என்று கேட்டான். குரலே செத்துப்போய்விட்டது என்று நினைத்திருக்கிறான் மடையன். நன்றாக இருப்பா என்று வாழ்த்திவிட்டு வைத்துவிட்டேன்.

செத்துப்போன மனிதரை நான் நேரில் பார்த்ததே இல்லை. கோயமுத்தூர் என்று ஒரு ஊர் இருப்பது அவருக்குத் தெரியுமா என்பதே சந்தேகம். ஆனால் பல வருடங்கள் அவர் வாய் அசைந்தபோதெல்லாம் தமிழில் வந்த சத்தம் என்னுடையது. ஜெர்மன் தொலைக்காட்சியில் ஓடிய துப்பறியும் தொடர் ஒன்று தமிழ்ச் சேனலில் வந்தபோது, இன்ஸ்பெக்டர் மார்ட்டினுக்கு டப்பிங் பேசியவன் நான். அந்தப் பாத்திரத்துக்கு ஜெர்மனில் வேறு பேர். நம் வாயில் நுழையாது என்று சேனல்காரர்களே மார்ட்டினாக்கிவிட்டார்கள்.

இப்போது டப்பிங்கில் இருக்கும் பிள்ளைகள் தங்கள் வாட்ஸப் குழுவில் போட என்னை எழுதச் சொன்னார்கள். கூடவே ஒரு கேள்வியும் கேட்டார்கள்: இனிமேல் கம்ப்யூட்டரே எல்லோர் குரலிலும் பேசிவிடுமாமே, அதைப் பற்றி என்ன நினைக்கிறீர்கள்? பதில் தெரிந்தவன் மாதிரி முகத்தை வைத்துக்கொள்ள எனக்கு வரும், நடிகன்தானே. ஆனால் பதில் ஒன்றும் கைவசம் இல்லை. நடந்தது தெரியும், அதைச் சொல்கிறேன்.

என் அப்பா பொள்ளாச்சிச் சந்தையில் மாட்டுத் தரகர். கைமேல் துண்டைப் போட்டு, அதற்கடியில் விரலைப் பிடித்தே விலை பேசி முடிப்பார். நாள் முழுக்க வாயே திறக்காமல் பிழைத்த மனிதருக்கு நான் பிள்ளை. 'வாயுள்ள பிள்ளை பிழைக்கும்' என்று என்னைப் பார்த்துச் சொல்வார். பாராட்டுகிறாரா திட்டுகிறாரா என்று கடைசிவரை தெரியவில்லை. கோயில் நோம்பி, திருவிழாவுக்கு மைக் பிடித்தேன், துணிக்கடை விளம்பரத்துக்கு ஆட்டோவில் கத்திக்கொண்டு போனேன். பொள்ளாச்சிப் பக்கம் படப்பிடிப்புக்கு வந்தவர்கள் பஞ்சாயத்துக் காட்சியில் நிற்க ஆள் தேடியபோது போய் நின்றேன். அப்படியே தொலைக்காட்சித் தொடர்களில் கான்ஸ்டபிள், மாப்பிள்ளைக்குச் சித்தப்பா, ஒருமுறை பிணம். முகம் யாருக்கும் நினைவில் நிற்கவில்லை. குரல் நன்றாயிருக்கிறதே என்று யாரோ டப்பிங் பக்கம் தள்ளிவிட்டார்கள். இவ்வளவுதான் என் படிப்பு.

டப்பிங் ஸ்டூடியோ காந்திபுரத்தில் ஒரு மாடியில் இருந்தது. அங்கே டப்பிங் இன்சார்ஜ் லில்லி மேடம். வால்பாறைத் தேயிலை எஸ்டேட்டில், தொழிலாளர் லைன் வீட்டில் பிறந்து வளர்ந்தவர். என்னைவிட வயதில் சின்னவர், என்னை அண்ணா என்றுதான் கூப்பிடுவார், ஆனால் நான் மைக் முன்னால் நின்றுவிட்டால் அந்த அண்ணாவுக்கு ஒரு சலுகையும் கிடையாது. அவர் கோபப்பட்டு நான் பார்த்ததில்லை. டேக் சரியில்லை என்றால், "இருக்கட்டுங்கண்ணா, இன்னொன்னு போலாம்" என்பார். சரியாக இருந்தால் "சரிங்க". அதற்கு மேல் ஒரு சொல் கிடையாது. சபாஷ் கேட்டுப் பழகியவர்கள் அவரிடம் ஒரு வாரம் தாங்க மாட்டார்கள்.

அவர் வேலை வாங்கும் முறையைச் சொல்லியே ஆகவேண்டும். காட்சியைச் சின்னச் சின்னத் துண்டாக வெட்டித் திரையில் ஓட்டுவார்கள், லூப் என்று பேர். மற்ற இடங்களில் லூப் வந்ததும் உதட்டைப் பார்த்துப் பேச ஆரம்பித்துவிடுவோம். லில்லி மேடம் விட மாட்டார். முதல் ஓட்டத்தில் சத்தமே இருக்காது. பேசுகிறவரின் தோளையும் கழுத்தையும் பார்க்கச் சொல்வார். எங்கே மூச்சு எடுக்கிறார், எங்கே பிடித்து வைக்கிறார், எங்கே விடுகிறார் என்று தாளில் பென்சிலால் கோடு போட வேண்டும். இரண்டாவது ஓட்டத்தில் ஜெர்மன் சத்தத்தை ஒரு காதில் மட்டும் கேட்கலாம். மூன்றாவதில் நான் மூச்சு மட்டும் விட வேண்டும், சொல் கிடையாது. அதன் பிறகுதான் தமிழ். "உதடு பொய் சொல்லுங்கண்ணா, மூச்சு சொல்லாது" என்பார். பதிவாகும்போது அவர் திரையைப் பார்க்க மாட்டார், கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். காதுக்குச் சரியாக இருந்தால்தான் கண்ணைத் திறந்து உதடு ஒட்டுகிறதா என்று பார்ப்பார்.

இன்னொரு வழக்கமும் அங்கே உண்டு. பெரிய வேஷங்களுக்குத்தான் ஆள் வரும். ஒரு வரி, இரண்டு வரி பேசும் சில்லறை வேஷங்களுக்கு அந்த நேரம் ஸ்டூடியோவில் யார் உட்கார்ந்திருக்கிறார்களோ அவர்கள்தான் பேச வேண்டும். சவுண்ட் இன்ஜினியர் பாதி ஜெர்மனிக்கு டாக்ஸி ஓட்டியிருக்கிறார். டீ கொண்டுவருகிறவர் ஒரு பாதிரியாராகப் பேசி, அடுத்த வாரமே கள்ளக் கடத்தல்காரனாகவும் பேசினார்.

என் கதைக்கு வருகிறேன். ஜெர்மன்காரர்கள் ஒரு வாக்கியத்தை ஆரம்பித்தால் லேசில் முடிக்க மாட்டார்கள். என் தமிழ் முடிந்த பிறகும் மார்ட்டினின் உதடு ஆடிக்கொண்டே இருக்கும். அந்த இடைவெளியை நிரப்ப என் வாய் தானாக ஒரு 'ங்க' போட்டுவிடும். கொலைகாரனைத் துப்பாக்கி முனையில் நிறுத்தி, கையைத் தூக்குங்க என்று மார்ட்டின் மரியாதையாகச் சொல்வார். சென்னையிலிருந்து சேனல்காரர் போனில் குதித்தார், போலீஸ் இன்ஸ்பெக்டரா இல்லை பெண் பார்க்க வந்தவரா என்று கேட்டார். லில்லி மேடம் பொறுமையாகக் கேட்டுவிட்டு, எங்கள் ஊரில் தூக்குப் போடுவதானாலும் ஏனுங்க என்று கூப்பிட்டுத்தான் போடுவோம் என்றார். பார்க்கிறவர்களுக்கு அது பிடித்துப்போனது. அதன்பின் மார்ட்டின் எல்லோரையும் வாங்க போங்க என்றே கைது செய்தார்.

தொடர் ஓடிக்கொண்டிருந்தபோதே அந்த ஜெர்மன் நடிகரைப் பற்றித் திருப்பூரில் இருக்கும் என் மகள் இணையத்தில் தேடிப் படித்துச் சொன்னாள். ஏதோ சின்ன ஊர் நாடகக் கொட்டகையில் ஆரம்பித்தவராம். அப்புறம் வருடக்கணக்காக அமெரிக்கப் படங்களுக்கு ஜெர்மனில் டப்பிங் பேசியே காலம் தள்ளியிருக்கிறார். முகம் தெரிந்ததே இந்தத் தொடருக்குப் பிறகுதானாம். எனக்கு அன்றைக்கு ஏற்பட்ட சந்தோஷத்தைச் சொல்லி மாளாது. இத்தனை நாள் நான் வாய் கொடுத்தது ஒரு நடிகருக்கு என்று நினைத்திருந்தேன், அவரும் நம்ம ஜாதிதான், குரல் ஜாதி. அன்றிலிருந்து ஹெட்போனில் அவர் மூச்சைக் கேட்கும்போதே ஒரு பங்காளிப் பாசம் வந்துவிட்டது.

எங்கள் வீட்டில் வாயை வைத்துப் பிழைத்தது நான் மட்டுமில்லை. என் மனைவி ருக்குமணி ஒப்பணக்கார வீதியில் ஒரு துணிக்கடையில் பட்டுச் சேலைப் பிரிவில் இருந்தாள். ஜாக்கெட் துணி வாங்க வந்தவரைக் கல்யாணப் பட்டு எடுத்துப் போக வைப்பாள். நான் ஒரு பக்க வசனத்தை நாள் முழுக்கப் பேசுவேன். அவள் எழுதாத வசனத்தை நாள் முழுக்கப் பேசுவாள். வீட்டுக்கு வந்து என்னிடம் பேசவும் மீதி இருக்கும்.

ஒரு நாள் காலையில் கடைக்குக் கிளம்பும்போது அவளுக்குப் பக்கவாதம் வந்துவிட்டது. கை கால் ஓரளவு திரும்பிவிட்டது. வாய் இடது பக்கம் இழுத்துக்கொண்டது. சொல்ல வேண்டியதெல்லாம் அவளுக்குத் தெளிவாகத் தெரியும், நாக்குதான் கனத்துக்கிடந்தது. ஒவ்வொரு சொல்லாக நகர்த்தி வைக்க வேண்டும், அதுவும் குழைந்து வரும். பேச்சுப் பயிற்சி சொல்லிக் கொடுத்த பெண், நிறையப் பேசினால்தான் சரியாகும் என்றார். இவளோ என்னைத் தவிர ஒருவரிடமும் வாயைத் திறக்கவில்லை. காலிங் பெல் அடித்தால் உள்ளறைக்குப் போய்விடுவாள். மகள் போன் செய்தால், அழைப்பைப் பார்த்துவிட்டுப் போனை என் பக்கம் நீட்டுவாள். மகள் அந்தப் பக்கம் அழுவாள். அம்மா தூங்குகிறாள் என்று நான் பொய் சொல்வேன். பேசாமல் பேசாமல் இருந்த கொஞ்சமும் போய்விடும் என்று பயந்து செத்தேன்.

அந்தச் சமயத்தில்தான் மார்ட்டினின் புதிய அத்தியாயங்கள் வந்தன. லில்லி மேடம் என்னை உட்கார வைத்து, சத்தமில்லாமல் முதல் லூப்பை ஓட்டினார். மார்ட்டினின் உதடு ஒரு பக்கம் இறங்கியிருந்தது. அந்த நடிகருக்கே நிஜமாகப் பக்கவாதம் வந்து, பிழைத்து, திரும்ப நடிக்க வந்திருக்கிறார். தொடர்காரர்களும் மறைக்காமல், இன்ஸ்பெக்டருக்கே அந்த நோய் வந்ததாகக் கதையை மாற்றிவிட்டார்கள். சத்தத்தைப் போட்டார் மேடம். ஜெர்மன் ஒரு வார்த்தை எனக்குத் தெரியாது. ஆனால் அந்தக் குழறல் எனக்கு அத்துப்படி, காலை முதல் ராத்திரி வரை நான் கேட்பது அதைத்தான்.

சேனல்காரர் முன்னாலேயே உத்தரவு போட்டுவிட்டார். கதாநாயகன் குழறினால் சனங்கள் சேனலை மாற்றிவிடுவார்கள், பழையபடி கணீரென்று பேசட்டும் என்று. லில்லி மேடம் ஒத்துக்கொள்ளவில்லை. முகம் ஒன்று சொல்ல, குரல் ஒன்று சொன்னால் அது டப்பிங்கே இல்லை என்றார். அவர் எப்படிப் பேசுகிறாரோ அப்படித்தான் நாமும் பேச வேண்டும் என்றார்.

முதல்முறையாக அவர் பேச்சை நான் மீறினேன். "மேடம், எங்கூட்டுக்காரி பேசறத நான் ஊருக்கெல்லாம் பேசிக் காட்ட மாட்டேனுங்க. வேற ஆளப் பாத்துக்குங்க" என்று சொல்லிவிட்டேன். மேடம் வற்புறுத்தவில்லை. நாளைக் காலை வரை யோசிக்கச் சொல்லி, அந்தக் காட்சிகளை என் செல்போனுக்கு அனுப்பி வைத்தார்.

வீட்டுக்கு வந்து கூடத்தில் உட்கார்ந்து, சத்தத்தை அணைத்துவிட்டு அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ருக்குமணி பின்னால் வந்து நின்றதைக் கவனிக்கவில்லை. சத்தம் வை என்று கையால் காட்டினாள். வைத்தேன். மார்ட்டின் ஒரு வார்த்தையைத் தொடங்கி, நின்று, மறுபடி தொடங்கினார். இவள் குனிந்து உற்றுப் பார்த்துவிட்டுச் சிரித்துவிட்டாள். அவள் சிரித்து எத்தனையோ மாதங்கள் ஆகியிருந்தன.

அவனுக்கும் இடது பக்கம்தானா என்று கேட்டாள். ஆமாம் என்றேன். நீங்கள் எப்படிப் பேசப்போகிறீர்கள் என்று கேட்டாள். முடியாது என்று சொல்லிவிட்டு வந்த கதையைச் சொன்னேன். அவள் சந்தோஷப்படுவாள் என்று நினைத்தேன். முகம் மாறிவிட்டது. சொல் வரும்வரை நின்றாள். பிறகு சொன்னாள்:

"ஏனுங்க, எம் பேச்சு உங்களுக்கு அவ்வளவு அசிங்கமாங்க?"

அறைந்தது போலிருந்தது. அவளைக் காப்பாற்றுவதாக நான் நினைத்துக்கொண்டிருந்தேன். என் பக்கத்திலிருந்து பார்த்தால் அப்படி. அவள் பக்கத்திலிருந்து பார்த்தால் நானும் அவளை உள்ளறைக்குள் வைத்துப் பூட்டுகிற ஆள். அப்படியெல்லாம் இல்லை அம்மணி என்று என்னென்னவோ சொன்னேன். அவள் காதில் வாங்கவில்லை. நாளைக்கு நானும் வருகிறேன், நீங்கள் எப்படிப் பேசுகிறீர்கள் என்று பார்க்கிறேன் என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போய்விட்டாள்.

மறுநாள் நிஜமாகவே கிளம்பி நின்றாள். ஆட்டோவில் போனோம். ஸ்டூடியோவில் லில்லி மேடம் வாங்கக்கா என்று கூப்பிட்டுத் தன் பக்கத்து நாற்காலியில் உட்கார வைத்தார். இவள் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு தலையை மட்டும் ஆட்டினாள்.

நான் மைக் முன்னால் நின்றேன். மூச்சுக்கோடு போட்டு, மூச்சு மட்டும் விட்டுப் பார்த்து, பேச ஆரம்பித்தேன். மார்ட்டின் தன் மேலதிகாரியிடம், திரும்ப வேலைக்கு வரட்டுமா என்று கேட்கும் இடம். வீட்டில் தினம் கேட்பதுதானே, குழறல் அச்சாக வந்தது. எனக்கே திருப்தி. "இன்னொன்னு போலாம்" என்றார் மேடம். பேசினேன். இன்னொன்று. மறுபடியும் இன்னொன்று. காலை முழுக்க அப்படியே போனது. என்ன குறை என்று கேட்டேன். ஏதோ ஒட்டவில்லை, என்னவென்று எனக்கும் சொல்லத் தெரியவில்லை என்றார் அவர். இடையில் சேனல்காரர் போன் செய்து, அதுதான் முடியவில்லையே, கணீரென்றே பேசச் சொல்லிவிடுங்கள் என்றார். சாயங்காலம் வரை அவகாசம் வாங்கினார் மேடம்.

அப்போது மைக் அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து ருக்குமணி என்னைக் கையசைத்துக் கூப்பிட்டாள். போனேன். மற்றவர்களுக்குக் கேட்காதபடி என் காதருகே வாயைக் கொண்டுவந்தாள். ஒவ்வொரு சொல்லாக வந்தது:

"நீங்க அழுதுபோட்டுப் பேசறீங்க. அந்த மனுசன் அழுவலீங்க. வார்த்தை வாரதுக்கு நின்னுட்டிருக்கறான், அவ்வளவுதான். பஸ்ஸுக்கு நிக்கறவன் அழுவானுங்களா?"

திரும்ப மைக்குக்கு வந்து அந்த லூப்பைச் சத்தமில்லாமல் ஓட்டச் சொன்னேன். அவள் சொன்னது சத்தியம். மார்ட்டினின் தோளில் துக்கமே இல்லை. சொல் நின்ற இடத்தில் அந்த ஆள் எதிராளியை நேராகப் பார்க்கிறார், இரு, வருகிறது என்பது போல. கொஞ்சம் எரிச்சல்கூட இருக்கிறது. நான் இத்தனை மாதமாக அவள் பேசும்போது உதட்டையே பார்த்து உள்ளுக்குள் அழுதுகொண்டிருந்திருக்கிறேன், அந்த அழுகையைத்தான் மார்ட்டின் வாயில் வைத்திருக்கிறேன். அழுகையை எடுத்துவிட்டு, சொல்லுக்குக் காத்து நின்று பேசினேன். லில்லி மேடம் கண்ணைத் திறந்தார். "சரிங்க" என்றார்.

பதிவானதைச் சேனல்காரருக்கு அனுப்பினார்கள். கொஞ்ச நேரம் கழித்து அவரே கூப்பிட்டார். கேட்கக் கஷ்டமாக இருக்கிறது, ஆனால் நிறுத்த முடியவில்லை, இப்படியே போகட்டும் என்றார். மேடம் போனை வைத்துவிட்டு அடுத்த லூப்பை ஓட்டச் சொன்னார். அவ்வளவுதான் அவருடைய கொண்டாட்டம்.

அடுத்த லூப் ஆஸ்பத்திரிக் கூடம். பேச்சுப் பயிற்சிக்கு வந்தவர்கள் வட்டமாக உட்கார்ந்திருக்கிறார்கள். மார்ட்டின் தன் பேரைச் சொல்ல முயன்று, முடியாமல், எழுந்து போகப் பார்க்கிறார். பக்கத்தில் ஒரு நடுவயதுப் பெண், அவளும் நோயாளி, அவரைத் தடுத்து ஒரே ஒரு வரி சொல்கிறாள்: 'அவசரமில்லை, சொல்லுங்க, நான் கேட்டுட்டிருக்கேன்.' சில்லறை வேஷம். வழக்கம்போல அங்கே இருக்கிறவர்களில் ஒருவர் பேச வேண்டும். பெண் குரல் என்றால் மேடமே பேசிவிடுவார். பேசியும் பார்த்தார். நோயில்லாத வாய், நன்றாகப் பேசுகிற வாய் என்பது கேட்டதுமே தெரிந்துவிட்டது. தன் பதிவைத் தானே வேண்டாமென்று தள்ளிவிட்டு, திரும்பிப் பார்த்தார். அறையில் இருந்தது இன்னும் ஒரே ஒரு பெண்தான்.

"அக்கா, இந்தம்மாவுக்கு நீங்க பேசறீங்களா?" என்றார், டீ வேணுமா என்று கேட்கிற தொனியில்.

நான் கண்ணாடி வழியாகக் கையை ஆட்டி, வேண்டாம், கேட்காதீர்கள் என்று சைகை செய்தேன். ருக்குமணி என்னைப் பார்த்தாள். முந்தானையை இடுப்பில் செருகினாள். கடையில் புதுச் சேலைக் கட்டைப் பிரிக்கும் முன்னால் அப்படித்தான் செருகுவாள். கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்து என் பக்கத்தில் நின்றாள்.

முதல் டேக்கில் சத்தமே வரவில்லை, காற்றுதான் வந்தது. "இன்னொன்னு போலாங்கக்கா" என்றார் மேடம். அடுத்ததில் சொல் வந்தது, திரையில் அந்தப் பெண் வாயை மூடி வெகுநேரமான பிறகு வந்தது. வரி நீளம்தான், அவசரமில்லை என்பதை எடுத்துவிடலாமா என்று மேடம் பென்சிலைக் கையில் எடுத்தார். எனக்கு அதுவே நல்லதென்று பட்டது.

"வேண்டாமுங்க" என்றாள் ருக்குமணி. எல்லோரும் காத்திருந்தோம். "முழுசாவே சொல்றேனுங்க."

பக்கவாதம் வந்தபின் என்னைத் தவிர வேறொரு ஆளிடம் அவள் பேசிய முதல் பேச்சு அது. யாரும் அதைக் கவனித்த மாதிரிக் காட்டிக்கொள்ளவில்லை. இன்ஜினியர் லூப்பைத் திருப்பி ஓட்டினார். மேடம் அவளிடம் எந்தச் சலுகையும் காட்டவில்லை. எனக்குச் சொல்வது போலவே, அவளுக்கும் இன்னொன்று, இன்னொன்று என்று சொல்லிக்கொண்டே இருந்தார். இவள் எச்சிலைத் துடைத்துக்கொண்டு, திரையை முறைத்துக்கொண்டு, திரும்பத் திரும்பச் சொன்னாள். நடுவில் ஒருமுறை நான் தோளைத் தொட்டேன். கையைத் தட்டிவிட்டாள். கடைசியில் அந்தப் பெண்ணின் உதடும் இவள் சொல்லும் ஒன்றாக நின்று, ஒன்றாக நகர்ந்து, ஒன்றாக முடிந்தன. "சரிங்க" என்றார் மேடம்.

அடுத்த வரி மார்ட்டினுடையது. தன் பேரைச் சொல்ல வேண்டும். அதை நான் எப்படிப் பேசினேன் என்று எனக்கு நினைவில்லை.

மார்ட்டினுக்கு அதற்குப் பின் சில அத்தியாயங்கள்தான் பேசினேன். தொடர் முடிந்தது, நானும் ஓய்வு பெற்றேன். அந்த ஜெர்மன்காரர் செத்த செய்தி கேட்டு எனக்கு மனசு கனத்துப்போனதற்கு இதுதான் காரணம். துக்கம் விசாரிக்க வந்தவர்களிடம் இதையெல்லாம் விளக்கிக்கொண்டிருக்க முடியாது.

அன்றைக்கு ஸ்டூடியோவிலிருந்து திரும்பும்போது ருக்குமணி ஆட்டோ வேண்டாம் என்றுவிட்டாள். காந்திபுரத்தில் டவுன் பஸ் ஏறினோம், நல்ல கூட்டம். உட்கார இடம் கிடைத்தது. கண்டக்டர் வந்து எங்கே போகணும் என்று கேட்டார். நான் வாயைத் திறந்தேன். அவள் என் முழங்காலில் கையை வைத்து அழுத்தினாள். கண்டக்டரை நேராகப் பார்த்துக்கொண்டு, சொல் வரும்வரை இருந்துவிட்டு, ஒண்டிப்புதூர் என்றாள். அவருக்குப் புரியவில்லை, குனிந்து மறுபடி கேட்டார். பின்னால் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவள் மறுபடி சொன்னாள். ரெண்டு பேருங்க என்றும் சேர்த்துச் சொன்னாள். அவர் சீட்டைக் கிழித்து அவள் கையிலேயே கொடுத்துவிட்டு நகர்ந்தார். நான் முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டேன். அழுதால் திட்டுவாள்.